வந்தாங்க, வந்தான்

என் மடிக்கணினியில் கொஞ்ச காலம் இரண்டு பதிவுகள் இருந்தன. ஒரே பாட்டி, ஒரே வேப்பமர நிழல், ஒரே கதை. முதல் பதிவு 2019 மே மாதம் நான் எடுத்தது. இரண்டாவது அதே வருஷம் ஜூலையில், நான் பக்கத்தில் இல்லாதபோது எடுத்தது. இரண்டிலுமே 1952 புயல் அடித்து ஓய்ந்த மறுநாள் காலையில் அவர்கள் தெருவுக்கு ஒருவர் வருகிறார். முதல் பதிவில் அவர் "வந்தாங்க". இரண்டாவதில் "வந்தான்". வந்தவர் என் தாத்தா.

இதை எழுத உட்கார்ந்து எழுந்துபோன நாட்கள் நிறைய. தாத்தாவைக் காட்டிக்கொடுக்கிற மாதிரி ஒரு பக்கம் இருந்தது. அவரைப் பற்றிய குற்ற உணர்ச்சியை விற்றுக் கைதட்டல் வாங்குகிற மாதிரி இன்னொரு பக்கம் இருந்தது. இரண்டாவதுதான் எனக்கு அதிகப் பயம். கடைசியில் பாட்டியின் பேத்தியிடமே கேட்டேன். அவள் பாட்டியிடம் கேட்டுவிட்டு வந்து சொன்னாள்: "எழுதிக்கட்டுமாம். பேரு போட வேணாமாம். கொரல எங்கயும் போட வேணாமாம்." அந்த மூன்று வாக்கியத்துக்குள் நின்றுகொண்டு எழுதுகிறேன்.

கஜாவில் நனைந்த பெட்டி

எல்லாம் கஜா புயலில்தான் ஆரம்பித்தது. 2018 நவம்பர் 16 அதிகாலை நாகப்பட்டினத்துக்கும் வேதாரண்யத்துக்கும் நடுவில் அது கரையேறியபோது நான் சென்னையில் இருந்தேன். மூன்றாம் நாள்தான் ஊருக்குப் போக முடிந்தது. மன்னார்குடிக்கும் திருத்துறைப்பூண்டிக்கும் நடுவே இருக்கிறது எங்கள் ஊர். வழியெல்லாம் தென்னை விழுந்து கிடந்ததை நீங்களும் பார்த்திருப்பீர்கள், அதை மறுபடி சொல்லப் போவதில்லை. எங்கள் வீட்டில் பின்கட்டு ஓடு பறந்துபோய், பரணில் இருந்த தாத்தாவின் தகரப்பெட்டி நாள் முழுக்க மழையில் ஊறியிருந்தது. உள்ளே கணக்கு நோட்டுகள். தாத்தா கும்பகோணத்தில் குடியிருந்த ஒரு மிராசுதாரருக்கு இங்கே காரியக்காரராக இருந்தவர். நிலம் அவர்களுடையது, அதிகாரம் பாதி இவருடையது. எங்கள் பக்கத்து ஆட்களுக்கு இதற்கு மேல் விளக்கம் தேவையிருக்காது.

நோட்டுகளைக் கயிற்றுக் கட்டிலில் விரித்துக் காயவைத்தேன். வாரக்கணக்கில் கரண்ட் இல்லை. ராத்திரியானால் திண்ணையில் பெருசுகள் உட்கார்ந்து புயல்களை ஒப்பிட ஆரம்பிப்பார்கள். இது எழுபத்தேழு புயல் மாதிரி இல்லை, அதில் தண்ணீர் வந்தது, இதில் காற்று மட்டும்தான் என்பார் ஒருவர். அம்பத்திரண்டைப் பார்த்திருந்தால் நீ இப்படிப் பேசமாட்டாய் என்பார் அவரைவிட மூத்தவர். செல்போனில் மீதமிருந்த சார்ஜை வைத்து நாலைந்து பேச்சைப் பதிவு செய்தேன். ஊரின் கதையை ஆவணப்படமாக எடுத்தால் என்ன என்ற ஆசை அங்கேதான் முளைத்தது. அதற்கு முன்னால் நான் எடுத்த மிகப் பெரிய படம் மச்சினன் கல்யாண வீடியோ.

செகண்ட்ஹேண்டில் ஒரு கேமராவும், சட்டையில் குத்துகிற மைக் ஒன்றும் வாங்கினேன். கற்றுக்கொண்டது பெரும்பாலும் தப்பு செய்துதான். காற்றுக்கு மைக்கில் பஞ்சு உறை போடவேண்டும் என்பது முதல் ஒன்பது பேட்டி பாழானபிறகு தெரிந்தது. ஃபேனை அணைக்கச் சொன்னால் கிழவர்கள் வியர்த்துப்போய்ப் பேச்சைச் சுருக்கிவிடுவார்கள் என்பது அப்புறம் தெரிந்தது. பேட்டி முடிந்தது என்று கேமராவை மூடி டீ வரும் நேரத்தில்தான் மனிதர்கள் பேசத் தொடங்குகிறார்கள் என்பது எல்லாவற்றையும்விடத் தாமதமாகத் தெரிந்தது.

2019 கோடை அதற்கு வசதியாக அமைந்ததைச் சொல்லவே கூச்சமாக இருக்கிறது. வழக்கமான ஜூன் 12-ல் மேட்டூர் அணை திறக்கவில்லை. பல வருஷமாகவே திறக்காமல் போய், திறக்காததே பழக்கமாகியிருந்தது. அந்த வருஷம் ஆகஸ்ட் 13-ல்தான் திறந்தார்கள். போர் போட்டவர்கள் மட்டும் குறுவை வைத்தார்கள். மற்றவர்களுக்கு வேலை இல்லை, அதனால் எனக்குப் பேட்டி கிடைத்தது. வாய்க்காலில் தண்ணீர் ஓடியிருந்தால் அந்தப் படம் எடுக்கப்பட்டிருக்காது.

வருஷம் கேட்டால் வராது

எங்கள் பக்கத்தில் வயதானவர்களிடம் வருஷம் கேட்டுப் பிரயோஜனமில்லை. திருவாரூர் மாவட்டமாகி 1997-லிருந்து எத்தனையோ தேர்தல் போய்விட்டது, இன்னும் தஞ்சாவூர் ஜில்லா என்றுதான் சொல்கிறார்கள். காலத்தை அவர்கள் அளப்பது புயலாலும் வெள்ளத்தாலும் கப்பலாலும். "ராஜுலா கப்பல்ல எங்க சித்தப்பா நாகப்பட்டினத்துலேருந்து பினாங்கு போன வருஷம்" என்பார் ஒருவர். "மேட்டூர் கட்டுன பெறகு வந்தவங்க நீங்கள்ளாம்" என்று ஒரு தொண்ணூறு வயதுக்காரர் என்னை மட்டம் தட்டினார். மேட்டூர் திறந்தது 1934-ல். அவரே அதற்கு முன்னால் நடந்த எதையும் நினைவு வைத்திருக்க முடியாது. ஆனால் அவருடைய அப்பா சொன்னதெல்லாம் அவர் கண்ணால் கண்டதாகிவிட்டது. 1924 வெள்ளத்தில் கொள்ளிடம் உடைத்துக்கொண்டதைத் தன் கண்ணால் பார்த்ததுபோல் கையை விரித்து விவரித்தார்.

முதலில் இதையெல்லாம் பிழை என்று குறித்துக்கொண்டேன். பிறகு ஒரு முறை பழகியது. "புயல் அடிச்சப்ப உங்களுக்குக் கல்யாணம் ஆயிடுச்சா? மூத்த புள்ள இடுப்புல இருந்துச்சா, நடந்துச்சா?" என்று கேட்டால் வருஷம் தானாக வந்து நிற்கும். 1977 நவம்பர் புயலா, 1952 நவம்பர் கடைசியில் வந்த புயலா என்பதை ஒரு பிள்ளையின் உயரம் சொல்லிவிடும். அந்தப் பாட்டி "நா அப்பத்தான் சமஞ்சிருந்தேன்" என்றார். அப்படியானால் 1952. இப்போது அவருக்கு எண்பதுக்கு மேல். ஆதார் அட்டை எழுபத்திரண்டு என்றது. ஆதார் அட்டையைவிடப் பாட்டியை நம்பலாம் என்று முடிவு செய்தேன்.

மே மாதத்து மதியம்

காலனியில் அவர் வீட்டு வாசலில்தான் பேட்டி. அரசாங்கம் கட்டிக்கொடுத்த வீடு, பக்கத்தில் வேப்பமரம். எனக்காக எங்கிருந்தோ ஒரு பிளாஸ்டிக் நாற்காலி வந்தது. பாட்டிக்கும் ஒன்று போடச் சொன்னேன். போட்டார்கள். அவர் அதைத் தொட்டுப் பார்த்துவிட்டுக் கீழேயே உட்கார்ந்துகொண்டார். "இதுதாந்தம்பி சவுரியம்." நானும் கீழே உட்கார்ந்திருக்கலாம். கேமராவை நாற்காலி உயரத்துக்கு ஏற்கெனவே ஸ்டாண்டில் மாட்டியிருந்தேன், அதை இறக்கச் சோம்பல். இதைத்தவிர வேறு காரணம் எதுவும் அப்போது எனக்குத் தோன்றவில்லை. பதிவை இன்று பார்க்கும் யாருக்கும் முதலில் தெரிவது அந்தக் கோணம்தான். மேலேயிருந்து கீழே பார்க்கிற கேமரா, அண்ணாந்து பதில் சொல்கிற கிழவி.

பேச்சைத் தொடங்க வேண்டுமே என்று நான் கேட்ட முதல் கேள்வி: "எங்க தாத்தாவ உங்களுக்குத் தெரியுமா பாட்டி?" பாலம் போட்டதாக நினைத்தேன்.

"தெரியாமயா? நீங்க காரியக்காரவங்க பேரனா? மொகம் அப்படியே இருக்கு." முந்தானையை இழுத்து வாயோரம் வைத்துக்கொண்டார். அதற்கப்புறம் ஐம்பது நிமிஷமும் அது அங்கேயே இருந்தது. ஒலி மங்கலாக இருக்கிறதே என்று நான் மைக்கை மட்டும் இரண்டு தடவை சரிசெய்தேன்.

புயலைக் கேட்டேன். சொன்னார். காற்று எப்படித் திசை மாறியது, கூரை எப்படிச் சுருட்டிக்கொண்டு போனது, சம்பாப் பயிர் எப்படித் தரையோடு ஒட்டிக்கொண்டது, ராத்திரி முழுக்கக் கோயில் மேட்டில் எப்படி நின்றார்கள் என்று எல்லாவற்றையும். பிறகு: "விடிஞ்சதும் உங்க தாத்தாதான் மொத ஆளா வந்தாங்க தம்பி. மொழங்கால் தண்ணி. வேட்டிய மடிச்சுக் கட்டிக்கிட்டு வந்தாங்க. எல்லாரும் இருக்கீங்களான்னு கேட்டாங்க. நெல்லு அளந்து குடுத்தாங்க. அவங்க இல்லன்னா நாங்க ஏது?"

எனக்குக் கண் கலங்கிவிட்டது. என் தாத்தா என்னைச் சைக்கிளில் வைத்து மன்னார்குடித் தெப்பத்துக்குக் கூட்டிப்போனவர். அரித்திரா நதி என்கிற அந்தக் குளத்தின் கரையில் வேர்க்கடலைப் பொட்டலத்தை என் கையில் கொடுத்துவிட்டுத் தோலை மட்டும் தன் துண்டில் வாங்கிக்கொள்கிறவர். அவர் முழங்கால் தண்ணீரில் நடந்துபோய் மனிதர்களைக் கணக்கெடுத்தார் என்றால் நான் ஏன் நம்பமாட்டேன்? அந்தத் துண்டு படத்தில் பன்னிரண்டாவது நிமிஷத்தில் வரவேண்டும் என்று அன்றைக்கே முடிவு செய்துவிட்டேன்.

அப்போதும் ஒரு சின்ன உறுத்தல் இருந்தது. பண்ணையாட்களின் காலம் எப்படி இருந்தது என்று கேட்டதற்கு அவர், "நல்லாத்தான் வெச்சிருந்தாங்க" என்று சொல்லிவிட்டு ஆட்டுக்குட்டியை விரட்டப் போய்விட்டார். இந்த மண்ணைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது என்று சொல்லிக்கொள்ள முடியாது. கன்னடக் குடும்பத்தில் பிறந்த கம்யூனிஸ்ட் தலைவர் பி.சீனிவாசராவ் 1940களில் இந்தப் பக்கம் வந்து பண்ணையாட்களைச் சங்கத்தில் சேர்த்ததையும், தண்டனையாகச் சாணியைக் கரைத்துக் குடிக்கவைத்த சாணிப்பாலுக்கும் சவுக்கடிக்கும் எதிராக நடந்த போராட்டத்தையும் படித்திருக்கிறேன். புயல் வந்த அதே 1952-ல்தான் ராஜாஜி அரசு தஞ்சாவூர்ச் சாகுபடிதாரர், பண்ணையாள் பாதுகாப்பு அவசரச் சட்டத்தைக் கொண்டுவந்தது. 1968 டிசம்பர் 25 ராத்திரி கீழ்வெண்மணியில் ஒரே குடிசைக்குள் 44 பேர் எரிந்தார்கள். அது எங்கள் ஊரிலிருந்து ஒன்றும் வெளிநாடு இல்லை. இவ்வளவும் தெரிந்துதான் "நல்லாத்தான் வெச்சிருந்தாங்க" என்பதைப் பதிவு செய்து, "எங்கள் ஊர் கொஞ்சம் வேறு மாதிரி போல" என்று நோட்டில் எழுதியும் வைத்தேன். டெல்டாவில் ஒவ்வொரு ஊர்க்காரனும் தன் ஊரைப் பற்றி இப்படித்தான் நினைத்துக்கொள்கிறான்.

ஜூலை

இரண்டாம் தடவை போனது நடவுப் பாட்டுக்காக. பாட்டிக்கு நிறையப் பாட்டு தெரியும் என்று சொல்லியிருந்தார்கள். போன இடத்தில் கேமரா பேட்டரி சார்ஜர் செத்துவிட்டது. ஒரு பேட்டரியில் பாதி சார்ஜ் இருந்தது. பாட்டியின் பேத்தி அப்போது காலேஜில் இரண்டாம் வருஷம் பி.காம். படித்துக்கொண்டிருந்தாள், லீவுக்கு வந்திருந்தாள். சிவப்புப் பொத்தானை எப்படி அழுத்துவது என்று காட்டிவிட்டு, "நான் திருத்துறைப்பூண்டி வரைக்கும் போய்ட்டு வந்துடறேன்மா, அதுக்குள்ள பாட்டி பாடுனா எடுத்து வை" என்று சொல்லிவிட்டு வண்டியை எடுத்தேன். சார்ஜர் கிடைக்கவில்லை. திரும்பி வர இரண்டு மணி நேரம் ஆனது. "எடுத்தேண்ணே" என்று கேமராவைக் கொடுத்தாள். அவள் முகத்தில் எதுவோ இருந்தது. வெயில் என்று நினைத்தேன்.

ராத்திரி வீட்டில் போட்டுப் பார்த்தேன். தொழில் சுத்தம் பார்த்தால் குப்பையில் போடவேண்டிய பதிவு. மைக் நழுவி மடியில் விழுந்திருக்கிறது. கோழி கத்துகிறது, யாரோ பம்ப்செட்டை ஓடவிட்டிருக்கிறார்கள், பாதி வாக்கியம் காதில் விழவில்லை. கேமரா அவள் மடியில் இருந்திருக்க வேண்டும், பாட்டியின் முகம் கீழிருந்து மேலாகத் தெரிகிறது, பின்னால் வேப்பங்கிளை. முந்தானை தோளில் இருக்கிறது. வெற்றிலை மெல்லுகிறார். நான் அவர் பல்லை அன்றைக்குத்தான் பார்த்தேன்.

ஒரு பாட்டு பாடினார், நடுவில் மறந்துவிட்டது, சிரித்தார். பிறகு பேத்தி சும்மா கேட்கிறாள்: "அப்பாயி, அந்தப் புயலு கத சொன்னியாம்ல அவங்கிட்ட, என்ன சொன்ன?"

"என்னாத்தச் சொல்றது. அவுக வூட்டுப் புள்ளகிட்ட என்னாத்தச் சொல்றது." கொஞ்ச நேரம் மெல்லுகிறார். துப்புகிறார். "விடிஞ்சதும் காரியக்காரன் வந்தான். வரப்பு மேலயே நின்னுக்கிட்டான், தெருவுக்குள்ள எறங்கல. மாடு எத்தினி போச்சுன்னு கேட்டான். எங்கப்பன் சொன்னாரு, மாடு ரெண்டு, புள்ள ஒண்ணுன்னு. மாட்ட எழுதிக்கிட்டான்."

"புள்ள யாரு அப்பாயி?"

"எந் தம்பி. செவுரு விழுந்துச்சுல்ல."

பம்ப்செட் சத்தம். "நெல்லு குடுத்தாங்கன்னு சொன்னியாமே?"

"குடுத்தான். இல்லங்கல. குடுத்தான், எழுதிக்கிட்டான்."

பேட்டரி அங்கே தீர்ந்திருக்கிறது. நான் அந்தத் துண்டை எத்தனை தடவை ஓட்டிப் பார்த்தேன் என்று கணக்கில்லை. மே மாதம் என்னிடம் ஐம்பது நிமிஷம் பேசியவர் தம்பி இறந்ததைச் சொல்லவே இல்லை. நான் கேட்கவும் இல்லை. "எல்லாரும் இருக்கீங்களான்னு கேட்டாங்க" என்ற வாக்கியத்துக்குள் ஒரு செத்த பிள்ளை படுத்திருந்தது.

ஒரு விகுதி

அந்தப் பிள்ளையைவிட முதலில் என்னைக் குத்தியது "வந்தான்" என்ற சொல்தான் என்பதை ஒத்துக்கொள்ள வெட்கமாக இருக்கிறது. என் தாத்தாவை யாரும் "வந்தான்" என்று சொல்லி நான் கேட்டதில்லை. எங்கள் தெருவில் கிடையாது, கடைத்தெருவில் கிடையாது. அந்தக் காலனியில் அறுபது எழுபது வருஷமாக, எங்கள் யார் காதிலும் விழாமல், அவர் "வந்தான்", "நின்னான்", "எழுதிக்கிட்டான்" என்றுதான் இருந்திருக்கிறார். இது இரண்டு எழுத்து விஷயம். தமிழில் வினைச்சொல்லை முடிக்காமல் யாரைப் பற்றியும் பேச முடியாது, முடிக்கும்போது அவன் யார், நான் யார், கேட்கிற நீ யார் என்பதையும் சேர்த்தே சொல்லிவிடுகிறோம். பாட்டி என்னிடம் பொய் சொன்னாரா என்று யோசித்துப் பார்த்தேன். நெல் கொடுத்தது நிஜம். முதல் ஆளாக வந்ததும் நிஜமாக இருக்கலாம். என்னிடம் "வந்தாங்க" என்று தொடங்கியபிறகு அந்த வாக்கியம் போக இருந்த ஒரே வழியில் போயிருக்கிறது. "வந்தாங்க" என்று ஆரம்பித்துவிட்டு "மாட்ட எழுதிக்கிட்டாங்க" என்று முடிக்க வாய் வராது.

படத்துக்கு ஆங்கில சப்டைட்டில் போடச் சென்னையில் ஒரு நண்பரிடம் கொடுத்திருந்தேன். இரண்டு துண்டையும் அவரிடம் காட்டினேன். இரண்டுக்கும் அவர் போட்டது 'ஹீ கேம்'. வேறென்ன போடமுடியும்? எழுத்துப்படி எடுத்த பையனோ இன்னும் மரியாதைக்காரன், இரண்டையும் "வந்தார்" என்று நல்ல தமிழில் திருத்தி வைத்திருந்தான். பேச்சை அப்படியே எழுதினால் படிக்க அசிங்கமாக இருக்கும் என்றான். வாய்மொழி வரலாறு சேகரிக்கப் போகிறவர்கள் யாராவது இதைப் படித்தால் ஒன்று மட்டும் கேட்டுக்கொள்கிறேன்: எழுத்துப்படியில் விகுதியைத் திருத்தாதீர்கள். இலக்கணப் பிழையாகவே இருந்துவிட்டுப் போகட்டும்.

இது எனக்கு மட்டும் நடந்த அதிசயம் இல்லை என்று பிறகு படித்துத் தெரிந்துகொண்டேன். அமெரிக்காவில் 1936-லிருந்து 1938 வரை ஓர் அரசாங்கத் திட்டத்தில், அடிமைகளாக இருந்து விடுதலையான இரண்டாயிரத்துக்கும் அதிகமான முதியவர்களிடம் பேட்டி எடுத்தார்கள். சார்ல்ஸ்டன் ஊரில் சூசன் ஹாம்லின் என்ற மூதாட்டியை 1937-ல் இரண்டு பேர் தனித்தனியாகப் போய்ப் பார்த்தார்கள். ஒருவர் வெள்ளைக்காரப் பெண்மணி. அவர் நிவாரண அலுவலகத்திலிருந்து வந்திருப்பதாகக் கிழவி நினைத்துக்கொண்டார். எஜமானர் நல்லவர் என்றார். இன்னொருவர் கறுப்பினத்தவர். அவரிடம் சவுக்கடியைச் சொன்னார், குடும்பங்களைப் பிரித்து விற்றதைச் சொன்னார். படித்தபோது முந்தானையை வாயில் வைத்துக்கொண்ட பாட்டிதான் கண்முன் வந்தார். ஆனால் ஒரு சந்தேகமும் இருக்கிறது. பேத்தியிடம் சொன்னது மட்டும் கலப்படமில்லாத உண்மை என்று எப்படிச் சொல்வது? படித்த பேத்தி முன்னால் நாங்கள் அவ்வளவு ஒன்றும் பணிந்துபோகவில்லை என்று காட்டிக்கொள்ள அவருக்கும் ஆசை இருந்திருக்கலாம். 1952-ல் அவரே "வந்தான்" என்று சொல்லியிருப்பாரா, அல்லது அந்த "ஆன்" பின்னால் சங்கக் கூட்டங்களில் கிடைத்ததா? எனக்கு இது முக்கியமான கேள்வியாகத் தோன்றியது. பேத்தியிடம் சொன்னபோது, "ஒங்களுக்கு அது முக்கியமாண்ணே?" என்று மட்டும் கேட்டாள்.

ஒட்டிக்கொண்ட பக்கம்

தகரப்பெட்டியைத் திறந்தேன். கட்டிலில் காயவைத்த நோட்டுகளில் நந்தன வருஷத்து நோட்டு இருந்தது. 1952 ஏப்ரலிலிருந்து ஓடுகிற தமிழ் வருஷம். கார்த்திகை மாதப் பக்கம் பாதி மை கரைந்திருந்தாலும் தாத்தாவின் கையெழுத்து தெரிகிறது. மாடு இரண்டு சேதம். ஓட்டுக் கொட்டகை சேதம். வைக்கோல் போர் சேதம். கீழே வரிசையாக ஆட்களின் பெயர், ஒவ்வொன்றுக்கும் எதிரே நெல். பாட்டியின் அப்பா பெயருக்கு எதிரே ஒரு கலம், அதாவது பன்னிரண்டு மரக்கால். பக்கத்தில் "கடன்" என்று ஒரு சொல். ஆண்கள் பெயர் மட்டும்தான். பெண்களுக்கு அந்த நோட்டு முழுக்கவே பெயர் கிடையாது. இத்தனைக்கும் நடவு முழுக்க அவர்கள் கைதான். பிள்ளையைப் பற்றி ஒரு எழுத்து இல்லை.

வசூல் பக்கம் அடுத்த பக்கமாக இருக்கவேண்டும். தை, மாசியில் அறுவடை ஆனதும் கடனைக் கழித்தாரா, அல்லது புயல் வருஷமாயிற்றே என்று விட்டுவிட்டாரா என்பது அங்கே தெரியும். கஜா மழையில் அந்த நாலு பக்கமும் ஒன்றோடொன்று ஒட்டிப் பலகை மாதிரி ஆகிவிட்டன. ஓரத்தைப் பிரித்துப் பார்த்தேன், கிழிந்தது. பழைய தாள்களைப் பதமாகப் பிரிக்கத் தெரிந்தவர்கள் இருக்கிறார்கள், கொண்டுபோய்க் கொடுத்தால் ஒரு மாதத்தில் வேலை முடிந்துவிடும். நான் இன்னும் கொடுக்கவில்லை. நேரம் இல்லை என்று வீட்டில் சொல்லியிருக்கிறேன்.

யாருடையது

அடுத்த வாரம் பாட்டியைப் போய்ப் பார்த்தேன். நாற்காலியைத் தள்ளிவிட்டுத் தரையில் உட்கார்ந்தேன். அவருக்கு அது பிடிக்கவில்லை. "வேட்டி அழுக்காவுது, எந்திரிங்க தம்பி" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். பேத்தி எடுத்த பதிவைப் பார்த்துவிட்டேன் என்று சொன்னேன். பேத்தியைத் திரும்பிப் பார்த்தார். அவள் தலையைக் குனிந்துகொண்டாள். படத்தில் அதைச் சேர்க்கலாமா என்று கேட்டேன். தம்பி இறந்தது ஊருக்குத் தெரியவேண்டாமா என்று ஏதோ வக்கீல் மாதிரி பேசினேன்.

"அது அவகிட்ட சொன்னது தம்பி" என்றார்.

அவ்வளவுதான். கோபம் இல்லை, பயமும் இல்லை. கடைக்காரர் "அது வேற ஆளுக்கு எடுத்து வெச்சது" என்று சொல்கிற குரல். மே மாதம் நான் அவரிடம் ஒரு சம்மதத் தாளில் கைநாட்டு வாங்கியிருந்தேன். அந்தத் தாளின்படி இரண்டு பதிவும் என்னுடையதுதான். கேமரா என்னுடையது, மெமரி கார்டு என்னுடையது. ஒரு நிமிஷம் அந்தத் தாளை நினைத்துப் பார்த்தேன் என்பதையும் எழுதிவிடுகிறேன். ஒரு காலத்தில் இந்த வாசலில் கைநாட்டு வாங்கிய தாள்கள் வேறு சிலவும் எங்கள் வீட்டுப் பெட்டியில் இருக்கின்றன.

ஹார்டு டிஸ்க் ஒன்று வாங்கி, அந்தக் காலனியில் எடுத்த எல்லாப் பேட்டிகளையும் வெட்டாமல் அப்படியே அதில் போட்டு, பேத்தியிடம் கொடுத்தேன். எதில் யார் பேசுகிறார்கள், என்றைக்கு எடுத்தது என்று ஒரு நோட்டில் எழுதிக் கொடுத்தேன். இரண்டு பிரதி எடுத்து இரண்டு வீட்டில் வைக்கச் சொன்னேன், புயல் ஒரே வீட்டுக்கு மட்டும் வருவதில்லை என்பதால். ஜூலைப் பதிவை என் கணினியிலிருந்து அழித்தேன். இந்தக் கட்டுரையில் இருக்கும் வாக்கியங்களை நினைவிலிருந்துதான் எழுதியிருக்கிறேன், பேத்தி படித்துப் பார்த்து இரண்டு இடத்தில் திருத்தினாள். "எறங்கல" என்பதை நான் "வரல" என்று எழுதியிருந்தேன்.

படம் ஒருவழியாக முடிந்தது. முப்பத்தெட்டு நிமிஷம். கோயில் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் போட்டோம். எங்கள் தெரு மொத்தமும் வந்தது. காலனியிலிருந்து ஏழெட்டுப் பையன்கள் மட்டும் வந்து ஓரமாக நின்றார்கள். எங்கே திரை கட்டுகிறோம் என்பதிலேயே யார் வருவார்கள் என்பது முடிவாகிவிடுகிறது, அந்தச் சின்ன விஷயம்கூட எனக்கு உறைக்கவில்லை. பன்னிரண்டாவது நிமிஷத்தில் அந்தத் துண்டு இல்லை. அந்த இடத்தில் கோயில் மேட்டைக் காட்டி, காற்றுச் சத்தத்தை மட்டும் விட்டிருந்தேன். படம் நன்றாக இருப்பதாகச் சொன்னார்கள். தாத்தாவைப் பற்றி ஒரு வார்த்தைகூட இல்லையே என்று அத்தை வருத்தப்பட்டார்.

பேத்தி கேட்டது

போன வருஷம் அவளிடமிருந்து போன் வந்தது. இப்போது திருவாரூரில் ஒரு தணிக்கையாளரிடம் வேலை பார்க்கிறாள். ஞாயிற்றுக்கிழமைகளில் தன் தெருவில் கிழவிகளைப் பதிவு செய்கிறாளாம், செல்போனில்தான். இருபது பேருக்கு மேல் ஆகிவிட்டது என்றாள். மைக்குக்குப் பஞ்சு உறை எங்கே வாங்குவது என்று கேட்டாள். என்னிடம் இருந்ததை அனுப்பினேன். பிறகு தயங்கித் தயங்கிக் கேட்டாள்: "ஒங்க அப்பாகிட்ட பேசலாமாண்ணே? எங்க தெருவுல எல்லாரும் ஒங்க வீட்டப் பத்தித்தான் பேசுறாங்க. ஒங்க வீட்ல எங்களப் பத்தி என்ன பேசிக்கிட்டீங்கன்னு யாரும் சொல்லல."

அப்பாவுக்கு எழுபத்தெட்டு. நான் படம் எடுத்தபோது அவரிடமும் பேட்டி எடுத்திருக்கிறேன். மேட்டூர்த் தண்ணீர், பழைய நெல் ரகங்கள், மாட்டுச் சந்தை என்று ஒரு மணி நேரம் பேசினார். தாத்தாவைப் பற்றிக் கேட்டபோது "அவர் காலம் வேற" என்று ஒரே வரியில் முடித்துக்கொண்டார். அதை நினைத்து, இவளிடம் என்ன சொல்லிவிடப் போகிறார் என்று சரி சொன்னேன்.

வந்தாள். வாசலில் செருப்பை விட்டுவிட்டு நின்றாள். அப்பா கூடத்திலிருந்து பார்த்துவிட்டு, "வாம்மா, உள்ள வா" என்றார். எங்கள் வீட்டுக் கூடத்துக்குள் அந்தத் தெருவிலிருந்து யாராவது அதற்கு முன்னால் வந்திருக்கிறார்களா என்று நினைத்துப் பார்த்தேன். எலெக்ட்ரீஷியன் வந்திருக்கிறார். அப்பா தன் சாய்வு நாற்காலிக்கு எதிரே இருந்த மர நாற்காலியைக் காட்டினார். உட்கார்ந்தாள். அம்மா காபி கொண்டுவந்தார், எங்கள் வீட்டு டம்ளரில்தான். நான் அதைக் கவனித்தேன் என்பதை அவளும் கவனித்தாள்.

அப்பா சட்டையில் மைக்கை நான்தான் குத்தினேன். கூடத்து ஃபேனை அணைக்கவேண்டாம் என்று சொல்லிவிட்டு, பழக்கதோஷத்தில் அவளுக்குப் பின்னால் சுவரோரம் நின்றுகொண்டேன். அவள் கேட்டாள்: "அம்பத்திரண்டு புயலப்ப நீங்க சின்னப் புள்ளையா இருந்திருப்பீங்க. மறுநாள் அப்பா கூட போனீங்களா?"

அப்பா அவளைப் பார்த்தார். நிமிர்ந்து உட்கார்ந்தார். "போனேன்" என்றார். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அப்பா அதை என்னிடம் சொன்னதே இல்லை. "தோள்ல தூக்கிக்கிட்டுப் போனாரு. வரப்பு மேல நின்னோம். அப்ப அங்க ஒரு..." என்று நிறுத்தி, அவள் தலைக்கு மேலாக என்னைப் பார்த்தார்.

"நீ கொஞ்சம் கொல்லைப்பக்கம் இருப்பா" என்றார்.

போனேன். கிணற்றடியில் கல்லில் உட்கார்ந்தேன். பக்கத்து வயலில் யாரோ பம்ப்செட்டை ஓடவிட்டிருந்தார்கள், உள்ளே பேசுவது எதுவும் கேட்கவில்லை. ஒன்றரை மணி நேரம் கழித்து அவள் வெளியே வந்து மைக்கைத் திருப்பிக் கொடுத்தாள். "எடுத்தேண்ணே" என்றாள்.